சாமி அறையில் வைத்த தாலிகள்

வெள்ளிக்கிழமைகளில், எங்கள் முன் அறையில் தங்கியிருந்த அவர் மீன், கருவாடு எதையும் தொடமாட்டார். காலையில் குளித்துவிட்டு ஈரத் தலையோடு எங்கள் சாமி அறைக்குள் போய், கதவை அரைவாசி சாத்திக்கொண்டு உட்கார்ந்திருப்பார். வெளியே வரும்போது நெற்றியில் திருநீறு இருக்கும். "ஒங்க சாமி ரூமுல இருந்தா மனசுக்கு நிம்மதியா இருக்குக்கா" என்பார். நான் சூடாக ரொட்டியும் கட்டச் சம்பலும் வைப்பேன். தங்கத்தை நினைக்கும்போது வராத ஆத்திரம், அந்த அரைவாசி சாத்திய கதவை நினைக்கும்போது இன்றைக்கும் எனக்கு வருகிறது.

ரத்தோட்டையைத் தாண்டி ரிவர்ஸ்டனுக்கு ஏறும் பாதையில் உள்ள ஒரு தேயிலைத் தோட்டத்துப் பாடசாலையில் நான் ஆசிரியை. கணவர் கொழும்பில் ஒரு மொத்தக் கடையில் வேலை செய்கிறார். மாதக் கடைசியில் வந்து போவார். எங்களுக்கு ஒரே மகள். அவள் பல்கலைக்கழகத்தில் நிலவியல், அதாவது பாறைகளைப் பற்றிய படிப்பு, படிக்கப் போகிறாள் என்றபோது தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தில் எல்லோரும் சிரித்தார்கள். "மலையில கல்லுக்கா பஞ்சம்? அத படிக்க கண்டிக்கா போகணும்?" என்று கேட்டார்கள். பட்டம் வாங்கிய பிறகு அவள் வேலையில்லாமல் வீட்டில் இருந்த காலத்தில் அந்தச் சிரிப்பு இன்னும் கூடியது. நான் பேருந்தில் தலையைக் குனிந்துகொண்டு போவேன்.

பிறகு தங்கம் தேடி ஒரு கம்பெனி வந்தது. மகளுக்கு வேலை கிடைத்தது. கம்பெனியின் மூத்த நிலவியலாளர் கொழும்பிலிருந்து வந்த தமிழர். நாங்கள் அவரை சார் என்று கூப்பிட்டோம். தோட்டத்தில் தங்க இடமில்லை என்று எங்கள் முன் அறையை அவருக்குக் கொடுத்தோம். "ஒங்க மகள நான் பெரிய ஆளாக்கிக் காட்டுறேன்க்கா. இந்தத் துறையில ஒரு பேரு வந்துட்டா போதும், ஒலகத்துல எங்கயும் போகலாம்" என்றார். எனக்கும் வேண்டியிருந்தது அதுதான். அவளுக்கு ஒரு பெயர்.

முதலில் மகளுக்கே நம்பிக்கை இல்லை. எங்கள் மலைப் பாறைகள் பூமிக்கு வெகு ஆழத்தில் கிடந்து, அழுத்தத்திலும் சூட்டிலும் திரும்பத் திரும்ப வெந்தவை என்று அவள் சொல்வாள். தங்கம் சேர்வது வேறு விதம். ஆழத்திலிருந்து சுடுநீர் பாறையின் வெடிப்புகளுக்குள் ஏறி வரும்; தான் கரைத்துக் கொண்டுவந்ததையெல்லாம் சூடு குறையும் இடத்தில் வெள்ளைக் கல்லோடு சேர்த்துப் படியவிடும். அந்த வெள்ளைக் கல் பாறைக்குள் வரிவரியாக ஓடும். இவ்வளவு வெந்த பாறையில் தங்கம் பெரிதாகத் தங்கியிருக்காது என்பது அவளுடைய எண்ணம். ஆனாலும் தேடிப் பார்க்காமல் சொல்லக்கூடாது என்றாள்.

தேடுவது ஓடையிலிருந்து தொடங்கும். மலையில் எங்கோ தங்கம் இருந்தால், மழை அதை அரித்து ஓடைக்குக் கொண்டுவரும். தங்கம் கனமானது என்பதால் வளைவுகளிலும் பெரிய கல்லுக்குப் பின்னாலும் அடியில் தங்கிவிடும். அந்த மணலை அகன்ற தட்டில் அள்ளித் தண்ணீரில் சுழற்றினால் இலேசானது போய், கனமானது மிஞ்சும். இந்த வேலைக்குக் கொழுந்து பறிக்கும் பெண்களைச் சேர்த்தார்கள். மேல் லயத்துப் பெண் ஒருத்தி தட்டைக் கையில் வாங்கியதும், "இது அரிசியில கல்லு அரிக்கிறதுதானே பாப்பா, இதுக்கா நீ பட்டம் வாங்கின?" என்றாள். எதற்கும் முதலில் வாய் திறப்பவள் அவள். மகளும் சேர்ந்து சிரித்தாள்.

சார் ஒரு நிபந்தனை போட்டார். மணல் எடுப்பவர்கள் உடம்பில் தங்கம் இருக்கக் கூடாது. குனிந்து அலசும்போது மோதிரமோ சங்கிலியோ தட்டில் உரசி ஒரு பொடி விழுந்தாலும், அந்த மணலின் பரிசோதனை முடிவு முழுக்கப் பொய்யாகிவிடும். எல்லா நாட்டிலும் இதுதான் வழக்கம் என்று மகளும் சொன்னாள். தோட்டையும் மூக்குத்தியையும் பெண்கள் கழற்றிவிட்டார்கள். தாலி என்றதும் பீலிக்கரையே கொதித்தது. தண்ணீர் பிடிக்க வந்தவர்கள், துணி துவைக்க வந்தவர்கள் எல்லோரும் கூடிவிட்டார்கள்.

"கட்டினவன் உசுரோட இருக்கையில கழட்டச் சொல்றியா?" என்று ஒருத்தி மகளைக் கேட்டாள்.

மேல் லயத்துப் பெண் இடுப்பில் கைவைத்துக்கொண்டு சிரித்தாள். "ஏன்டி, அடகுக் கடைக்குப் போறப்ப மட்டும் கழட்டுற? அப்ப ஒன் வீட்டுக்காரரு எங்க போயிருந்தாரு?"

"அது வேற."

"என்ன வேற? அப்ப மஞ்சக் கிழங்க கயித்துல கட்டித் தொங்கவிட்டியா இல்லயா? இப்பயும் அதயே கட்டு."

வழி அப்படித்தான் பிறந்தது. அடகில் தாலி இருக்கும்போது செய்வதைப் போல, மஞ்சள் தடவிய கயிற்றில் ஒரு துண்டு மஞ்சள் கிழங்கைக் கட்டிக்கொள்வது. கழற்றிய தாலிகளைப் பத்திரமாக வைக்கக் கம்பெனி ஒரு பூட்டுப் பெட்டி தருவதாகச் சொன்னது. பெண்கள் ஒத்துக்கொள்ளவில்லை. அவரவர் வீட்டில் வைக்கவும் விருப்பமில்லை. "வீட்டுல வச்சா அந்த மனுசன் அடுத்த நாளே மாத்தளை அடகுக் கடைக்குக் கொண்டுபோயிருவான்" என்று ஒருத்தி சொல்ல, பாதிப் பேர் தலையாட்டினார்கள். கடைசியில், "டீச்சர் வீட்டு சாமி ரூமுல இருக்கட்டும்" என்று அவர்களே முடிவு செய்தார்கள். ஒவ்வொருத்தியும் தன் தாலியைத் துணித் துண்டில் முடிந்து, தனக்கு அடையாளமாக ஒவ்வொரு நிற நூல் சுற்றித் தந்தாள். நான் அவற்றை ஒரு பித்தளைச் சட்டியில் போட்டு, அம்மன் படத்துக்குக் கீழே, திருநீற்றுத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். நான் ஓடைக்குப் போகிறவள் இல்லை. என் தாலி என் கழுத்திலேயே இருந்தது.

ஓடையிலிருந்தும், மலைச் சரிவில் வெட்டிய குழிகளிலிருந்தும் வரும் மண்ணும் மணலும் ஈரமாக இருக்கும். அவற்றைத் தட்டங்களில் பரப்பி, முன் அறையில், அதாவது சார் படுக்கும் அறையில், காயவைப்பார்கள். காய்ந்த பிறகு மகள் ஒவ்வொன்றையும் இரண்டாகப் பிரிப்பாள். ஒரு பாதி எங்கள் பின் கொட்டிலில் இருக்கும். மறுபாதியை அவள் பையில் போட்டுக் கட்டி, துண்டுச் சீட்டில் கையெழுத்து வைத்துப் பரிசோதனைக்கு அனுப்புவாள். எந்தத் தட்டத்தின் எந்தப் பாதி போக வேண்டும் என்பதை சார் முதலிலேயே கோடு போட்டு வைத்திருப்பார். இதெல்லாம் எனக்கு இப்போது புரிகிறது. அப்போது என் மகள் கையெழுத்து வைப்பதைப் பார்ப்பதே எனக்குப் பெருமையாக இருந்தது.

முதலில் வந்த முடிவுகளில் ஒன்றுமில்லை. பிறகு வந்தவற்றில் தங்கம் இருந்தது. அதற்கடுத்தவற்றில் இன்னும் கூடுதலாக. மகள் அந்தத் தாளைப் பிடித்துக்கொண்டு சமையலறையில் நின்றது ஞாபகம் இருக்கிறது. "நான்தாம்மா பிழையா நினைச்சிருக்கேன்" என்றாள். ஒரு டன் பாறையில் இரண்டு மூன்று கிராம் தங்கம் பரவலாக இருந்தாலே அது சுரங்கம் போடத்தக்க இடம் என்று விளக்கினாள். "ஒரு பொடி கூட கண்ணுல படலையே?" என்று நான் கேட்டேன். சாப்பிட்டுக்கொண்டிருந்த சார் நிமிர்ந்து, "கண்ணுக்குத் தெரியிற தங்கம் சின்னத் தங்கம்க்கா. கண்ணுக்குத் தெரியாததுதான் பெரிய தங்கம்" என்றார். அந்த வார்த்தையை நான் பாடசாலையில்கூடப் போய்ச் சொன்னேன்.

அந்த நாட்களில்தான் வகுப்பில் ஒரு சிறு பிள்ளை என்னைப் பார்த்து வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். என்னவென்று கேட்டேன். "டீச்சர், ஒங்க நெத்தி மினுங்குது. ஜிகினா பூசியிருக்கீங்களா?" என்றாள். வகுப்பே சிரித்தது. நான் சேலைத் தலைப்பால் திருநீற்றைத் துடைத்துவிட்டுக் கணக்குப் பாடத்தைத் தொடர்ந்தேன்.

துளைபோடும் இயந்திரம் வந்தது. மலைக்குள்ளிருந்து சாம்பல் நிறத்தில் நீளநீளமான கல்லுருளைகளை எடுத்து, மரப் பெட்டிகளில் வரிசையாக அடுக்கினார்கள். தலைக்கவசம் போட்டவர்கள் வாகனங்களில் வந்து படம் எடுத்துக்கொண்டு போனார்கள். லயத்தை உடைத்துவிட்டு எல்லோருக்கும் தனி வீடு கட்டித் தருவார்கள் என்ற பேச்சு வந்தது. மேல் லயத்துப் பெண் தன் வீட்டுக் குசினி எந்தப் பக்கம் பார்க்க வேண்டும் என்று என்னிடம் யோசனை கேட்டாள். கல்லைப் படித்தவளைப் பார்த்துச் சிரித்தவர்கள், தங்கள் பிள்ளைகளை அவளிடம் அனுப்பி, எந்தப் பாடம் எடுக்க வேண்டும் என்று கேட்டார்கள்.

மாரியம்மன் திருவிழாவுக்கு வேலை நிறுத்தினார்கள். பெண்கள் வந்து தங்கள் முடிச்சுகளை வாங்கி, மஞ்சள் கிழங்கை அவிழ்த்துத் தாலியைக் கட்டிக்கொண்டு போனார்கள். அன்று காலையில்தான் சார் அவசர வேலை என்று கொழும்புக்குப் போனார். வழக்கம்போல் திருநீறு பூசிக்கொண்டு போனார். அவருடைய இரண்டு சட்டைகள் கொடியில் காய்ந்துகொண்டிருந்தன.

திருவிழாவின் மறுநாள் மேல் லயத்துப் பெண் வந்தாள். "டீச்சர், என் தாலி என்னையக் கடிக்குது" என்றாள்.

"என்னடி சொல்ற?"

"கழுத்துக்குக் கீழ அரிக்குது. செவந்துபோச்சு. இத்தன வருசம் கெடந்தது, இப்ப என்ன வந்துச்சு இதுக்கு?"

நீண்ட நாள் துணியில் முடிந்து வைத்ததால் இருக்கும், புளி போட்டுக் கழுவிக் கட்டு என்றேன். கழுவிவிட்டு மறுபடியும் வந்தாள். இந்த முறை அவளோடு இன்னும் இரண்டு பேர் இருந்தார்கள். அவர்களுக்கும் அதே அரிப்பு. அவர்களையும் புளி போடச் சொல்லியிருப்பேன். உள்ளே இருந்த மகள் வெளியே வந்து, "அக்கா, கொஞ்சம் காட்டுங்க" என்றாள். அந்தப் பெண் கயிற்றைக் கழற்றாமலே முன்னால் இழுத்துப் பிடித்தாள். மகள் தாலியைத் திருப்பி, கல் பார்க்கும் சிறிய கண்ணாடியைக் கண்ணில் வைத்துப் பார்த்தாள். அவள் முகத்தைத்தான் நான் பார்த்துக்கொண்டிருந்தேன். அடுத்தவளுடையதைப் பார்த்தாள். மூன்றாமவளுடையதையும் பார்த்தாள். "நாளைக்கு பீலிக்கு வந்து சொல்றேன்க்கா" என்று மட்டும் சொன்னாள்.

அவர்கள் படலையைத் தாண்டியதும், "அம்மா, சாமி ரூம் கதவத் தொறங்க" என்றாள்.

தாலியின் முன்பக்கம் அப்படியே இருந்ததாம். மார்போடு உரசி உரசி வழவழப்பான பின்பக்கத்தை யாரோ மெல்லிய அரத்தால் அராவியிருக்கிறார்கள். அராவிய கோடுகளின் கூர்தான் தோலைக் கடித்தது. அவள் திருநீற்றுத் தட்டை எடுத்துக்கொண்டு பின்பக்கத்துப் பைப்படிக்குப் போனாள். நான் பின்னாலேயே ஓடினேன். "அதத் தண்ணியில போடாதடி, சாமி திருநீறு" என்றேன். அவள் கேட்கவில்லை. மணல் அலசும் தட்டில் திருநீற்றைக் கொட்டித் தண்ணீர் விட்டுச் சுழற்றினாள். சாம்பல் பாலைப் போல வழிந்து போனது. அடியில் கருமணலும் இல்லை, கல்லும் இல்லை. சிவப்பேறிய மஞ்சள் நிறத்தில் ஒரு சிட்டிகைப் பொடி மட்டும் வளைந்து கிடந்தது.

"பாறையிலருந்து வர்ற தங்கத்துல வெள்ளி கலந்திருக்கும். இது செம்பு கலந்தது. ஓடையில உருண்டு வந்தா தட்டையா, ஓரம் மழுங்கி இருக்கும். இது சுருள்சுருளா இருக்குது பாருங்க" என்றாள். குரல் நடுங்கவில்லை.

பிறகு பின் கொட்டிலிலிருந்த பாதிகளை அலசினாள். ஒன்றுமில்லை. பரிசோதனைக்குப் போய் மிச்சம் திரும்பி வந்திருந்த பொடியை அலசினாள். திருநீற்றுத் தட்டில் கிடந்ததே அதிலும் கிடந்தது. அரத்தால் அராவி, திருநீற்றுத் தட்டில் விழவிட்டு, அதிலிருந்து ஒரு விரல் நுனி அளவு எடுத்துப் போய், காய்ந்துகொண்டிருந்த மண்ணின் கோடு போட்ட பாதியில் தூவியிருக்கிறார். பெரிய தங்கப் படுகை என்று உலகத்தை நம்பவைக்க அவ்வளவே போதுமாக இருந்திருக்கிறது. சாரின் போன் நிறுத்தப்பட்டிருந்தது. கம்பெனியில் தனக்கிருந்த பங்குகளை, நல்ல முடிவு வந்த கையோடு அவர் விற்றுவிட்டார் என்று பிறகுதான் கேள்விப்பட்டோம்.

பைப்படியில் உட்கார்ந்து அந்தப் பொடியைப் பார்த்தபோது எனக்கு முதலில் தோன்றியது ஒன்றுதான். அதை அப்படியே சாக்கடைக் கானில் ஊற்றிவிட வேண்டும். தாலி இருந்தது எங்கள் வீட்டில். மண் காய்ந்ததும் எங்கள் வீட்டில். பைகளில் இருந்தது என் மகளின் கையெழுத்து. அந்த மனிதனின் பெயர் எதிலும் இல்லை. "பேசாம இரு. தங்கம் இல்லன்னு அவங்களாவே கண்டுபிடிச்சிட்டுப் போகட்டும். ஒனக்கு என்னத்துக்கு?" என்று அவள் கையைப் பிடித்தேன்.

"என் பேரு அதுல இருக்கும்மா."

"அதுக்குத்தானே சொல்றேன்!"

"நானும் அதுக்குத்தான் சொல்றேன்" என்றாள்.

மறுநாள் அவள் பீலிக்கரைக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னாள். நான் சற்றுத் தள்ளி நின்றேன். வாளிகள் நிரம்பி வழிந்தன, யாரும் எடுக்கவில்லை. ஒவ்வொருத்தியும் தன் தாலியைத் திருப்பித் தடவிப் பார்த்தாள். ஒருத்தி அழத் தொடங்கினாள். அவள் கணவர் போன மாதம் மரத்திலிருந்து விழுந்து கை முறித்துக்கொண்டவர். அவள் இதையும் அதையும் சேர்த்து நினைத்திருக்க வேண்டும்.

மேல் லயத்துப் பெண் மகளை ஒன்றும் சொல்லவில்லை. என்னிடம் வந்தாள். "ரெண்டு வாட்டி வந்து சொன்னேன் டீச்சர். புளி போட்டுக் கழுவச் சொன்னீங்க" என்றாள். பிறகு என் கழுத்தைப் பார்த்தாள். "ஒங்களது நல்லா இருக்குல்ல?"

நெற்றியில் நான் பூசிக்கொண்டு திரிந்தது அவர்களுடைய தாலி என்று அவளிடம் எப்படிச் சொல்வது?

மகள் கம்பெனிக்கு அறிவித்தாள். கொழும்பிலிருந்து விசாரிக்க வந்தார்கள். தோட்டத்தில் வேறு இடமில்லாததால், வேலைக்குப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுப் போகும் பிள்ளைக் காம்பராவில், சின்ன நாற்காலிகளை ஒதுக்கிவிட்டு மேசை போட்டார்கள். நான் வாசலில் நின்றேன். அவர்கள் சிங்களத்தில்தான் கேட்டார்கள். பைகளைக் கட்டியது யார்? நான். கையெழுத்து? என்னுடையது. தாலிகள் எங்கே இருந்தன? எங்கள் வீட்டில். அறையில் எத்தனை பேர் நடமாடினீர்கள் என்று கேட்டபோது ஒருவர் மற்றவரைப் பார்த்த பார்வையை நான் கவனித்தேன். அந்தப் பார்வையில் என் மகளுடைய படிப்பு, பெயர் எல்லாம் முடிந்துவிட்டதாக எனக்குத் தோன்றியது. பைகளில் இருந்தது தாலிகளில் அராவிய தங்கம்தான் என்பதற்கு என்ன ஆதாரம் என்று கேட்டார்கள். தாலிகளைப் பரிசோதித்தால் தெரியும் என்றாள் மகள். தாலிகளைக் கொண்டுவர முடியுமா என்றார்கள். மகள் வாசலில் நின்ற என்னைத் திரும்பிப் பார்த்தாள். ஒருமுறை கழற்றித் தந்தவர்களிடம் மறுபடி எப்படிக் கேட்பது?

அவள் கேட்கவில்லை. மேல் லயத்துப் பெண்தான் முன்னால் வந்தாள். அவளுக்குப் பின்னால் மற்றவர்கள். வாசலில் கூட்டம் கூடியபோதே நான் பார்த்திருக்க வேண்டும். எல்லோர் கழுத்திலும் மஞ்சள் கிழங்கு தொங்கியது. தாலிகளை வீட்டிலேயே கழற்றி, முன்பு போலவே துணியில் முடிந்து, நிற நூல் சுற்றிக் கொண்டுவந்திருந்தார்கள். அவர்களைக் கண்டதும் அழுகை வந்துவிட்டது. நான் பழக்கத்தில் இரண்டு கைகளையும் நீட்டினேன்.

அவள் முடிச்சுகளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். "ஒங்க கையில வேணாம் டீச்சர்" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை, வழிவிடச் சொல்பவளைப் போலத்தான் சொன்னாள். "பாப்பா கையில குடுக்கிறோம். நடந்தத அதுதான் எங்ககிட்ட வந்து சொல்லிச்சு."

என்னைத் தாண்டி உள்ளே போனார்கள். மேசையில் இருந்தவர்கள் ஒரு தாளை நீட்டினார்கள். மேல் லயத்துப் பெண் அதைப் பார்க்கவே இல்லை. முதல் முடிச்சை மகளின் உள்ளங்கையில் வைத்து, அவள் விரல்களைத் தன் கையாலேயே மூடிவிட்டாள். "பரிசோதிச்சிட்டு நீயே கொண்டுவந்து குடு, சரியா?" என்றாள். மகள் தலையாட்டினாள். விசாரிக்க வந்தவர்களில் ஒருவர் எழுந்து நின்றார். ஏனென்று அவருக்கே தெரிந்திருக்காது.

விசாரணை இன்னும் முடியவில்லை. துளைகளில் சிமெந்தை ஊற்றி மூடிவிட்டுப் போய்விட்டார்கள். கல்லுருளைகள் அடுக்கிய பெட்டிகள் மழையில் நனைகின்றன. பைகளை அனுப்பியது யார், எப்படி அனுப்பினார்கள் என்று மகளைக் கேட்டு வேறு நாட்டிலிருந்துகூடக் கடிதங்கள் வருகின்றன. அவள் ஒவ்வொன்றுக்கும் தன் பெயரை முழுதாக எழுதிப் பதில் போடுகிறாள். தாலிகள் திரும்பி வரும்வரை பெண்கள் மஞ்சள் கிழங்கோடு கொழுந்துக்குப் போகிறார்கள். பாதையில் என்னைக் கண்டால், "பாப்பா இருக்கா?" என்று அவளைத்தான் விசாரிப்பார்கள். இருக்கிறாள் என்பேன். என் தாலி சேலைக்கு வெளியே தெரியாதபடி தலைப்பை இழுத்துவிட்டுக்கொண்டு பாடசாலைக்கு நடப்பேன். நெற்றியில் இப்போது எதுவும் பூசுவதில்லை.